குழந்தையின் குரலோடு சேர்ந்து போகும் குறிப்புகள்

ஐந்தாம் வகுப்பு மாணவி பாடம் வாசிப்பதைப் பதிவு செய்கிறோம். அடையாளம் தெரிவதற்காகக் கணினியில் ‘கலைஞர்’ என்ற இடத்தில் அவள் பெயரையும், ‘கருத்து’ என்ற இடத்தில் வகுப்பையும் பள்ளியையும் எழுதி வைக்கிறோம். பிறகு கோப்பின் பெயரை ‘ரீடிங்’ என மாற்றி, பிற பள்ளி ஆசிரியர்களுக்கு அனுப்புகிறோம். அவள் பெயர் மறைந்துவிட்டதாக நினைக்கிறோம். உண்மையில் உள்ளே எழுதியவை அனைத்தும் கோப்புடனேயே செல்கின்றன.

இத்தகைய குறிப்புகளே மீத்தரவு. எம்பி3 கோப்பில் இவை ஐடி3 என்னும் முறையில் பதிவாகின்றன. 1996இல் வந்த முதல் வடிவம் கோப்பின் இறுதி 128 பைட்டுகளில் அடங்கியது. அடுத்து வந்த வடிவம் கோப்பின் தொடக்கத்தில் அமைகிறது. அதில் படத்தையும் சேர்க்கலாம். ஒலி வேறு, குறிப்பு வேறு. எனவே ஒலியின் தரம் குறையாமல் குறிப்பை மட்டும் நீக்க முடியும்.

இதற்கு எஃப்எஃப்எம்பெக் என்ற இலவச மென்பொருள் போதும். விண்டோஸ், லினக்ஸ் இரண்டிலும் இயங்கும். கோப்பு உள்ள கோப்புறையில் டெர்மினலைத் திறந்துகொள்ளுங்கள். கீழே கட்டளைகளின் உச்சரிப்பு தரப்பட்டுள்ளது. ஆங்கிலச் சிற்றெழுத்தில் தட்டச்சு செய்க.

1. முதலில் பாருங்கள்:
எஃப்எஃப்ப்ரோப் ரீடிங்.எம்பி3
உள்ளே இருக்கும் குறிப்புகள் திரையில் தோன்றும்.

2. பிறகு நீக்குங்கள்:
எஃப்எஃப்எம்பெக் -ஐ ரீடிங்.எம்பி3 -மேப் 0:ஏ -மேப்_மெட்டாடேட்டா -1 -சி காப்பி ரீடிங்2.எம்பி3

‘-ஐ’ மூலக் கோப்பைச் சுட்டுகிறது. ‘-மேப் 0:ஏ’ ஒலியை மட்டும் எடுக்கும், படம் விடுபடும். ‘-மேப்_மெட்டாடேட்டா -1’ குறிப்புகளை விட்டுவிடும். ‘-சி காப்பி’ ஒலியை மாற்றாமல் நகலெடுக்கும். புதிய கோப்புக்கு வேறு பெயர் தர வேண்டும். பழைய பெயரையே தந்தால் கட்டளை நின்றுவிடும்.

3. மீண்டும் சரிபாருங்கள்:
எஃப்எஃப்ப்ரோப் ரீடிங்2.எம்பி3
மென்பொருளின் பெயர் மட்டும் ஒரு வரியில் எஞ்சியிருக்கலாம். அதில் மாணவர் விவரம் ஏதுமில்லை.

இரண்டு எச்சரிக்கைகள். பிறர் படைத்த பாடல், ஒலிநூல் ஆகியவற்றில் உள்ள உரிமைக் குறிப்புகளை நீக்காதீர்கள். அவற்றை அனுமதியின்றித் தெரிந்தே நீக்குவது, பதிப்புரிமைச் சட்டத்தில் 2012ஆம் ஆண்டுத் திருத்தம் சேர்த்த 65பி பிரிவின்படி குற்றம். அடுத்து, “என் பெயர்...” என்று குழந்தை சொல்லித் தொடங்கியிருந்தால் எந்தக் கட்டளையும் அதை நீக்காது. ஆகவே, அனுப்பும் முன் பதிவை ஒருமுறை முழுமையாகக் கேளுங்கள்.