எத்தனை நக்கீரர்?

திருச்சியிலிருந்து புதுக்கோட்டைக்குச் செல்லும் சாலையில் இருக்கிறது கீரனூர். குளத்தூர் தாலுகாவின் தலைமையிடம். பழநிப் பக்கம், திண்டுக்கல் மாவட்டத்திலும் ஒரு கீரனூர் உண்டு. கல்யாணப் பத்திரிகை அனுப்பும்போது வெறுமே ‘கீரனூர்’ என்று எழுதினால் போதாது; மாவட்டத்தையும் சேர்த்து எழுதினால்தான் உரிய வீட்டுக்குப் போய்ச் சேரும்.

ஊருக்கு மட்டுமல்ல, புலவர்களுக்கும் இது பொருந்தும். கீரன் என்றதும் நம் நினைவுக்கு வருபவர் நக்கீரர். சஷ்டியிலும் கிருத்திகையிலும் நாம் பாராயணம் செய்யும் திருமுருகாற்றுப்படையை அருளியவர். தருமியின் பாட்டுக்காக சிவபெருமானிடமே வாதாடியவர். நெடுநல்வாடை, இறையனார் களவியல் உரை, பதினோராம் திருமுறையில் உள்ள பத்து நூல்கள் எல்லாமே நக்கீரர் பெயரில் வழங்குகின்றன. இத்தனையும் ஒருவரே செய்தவைதானா? தமிழறிஞர்கள் இதை எப்படி ஆராய்கிறார்கள் என்று பார்ப்போம்.

பெயர் சொல்லும் செய்தி

‘கீரன்’ என்பது அந்தக் காலத்தில் பலருக்கும் இருந்த பெயர். முரசு கட்டிலில் அறியாமல் படுத்து உறங்கி, சேர மன்னனே கவரி வீச, குளிர்ந்து எழுந்தாரே மோசிகீரனார், அவரும் ஒரு கீரனார்தான். முன்னால் வரும் ‘ந’ சிறப்பைக் குறிப்பது. நச்செள்ளையார், நப்பசலையார், நக்கண்ணையார் என்று பெண்பாற் புலவர்களின் பெயர்களிலும் அதைக் காணலாம். ஆகவே, பெயர் ஒன்றாக இருப்பதை மட்டும் வைத்து ஆளும் ஒருவரே என்று முடிவு கட்டிவிட முடியாது.

வடிவம் சொல்லும் செய்தி

நெடுநல்வாடை 188 அடிகள். திருமுருகாற்றுப்படை 317 அடிகள். இரண்டுமே ஆசிரியப்பா. பதினோராம் திருமுறையில் உள்ள ‘கயிலைபாதி காளத்திபாதி அந்தாதி’யோ நூறு வெண்பாக்களால் ஆனது. ஒரு பாட்டின் முடிவு அடுத்த பாட்டின் தொடக்கமாக வரும்படி வெண்பாக்களைத் தொடுத்து, அதையே தனி நூலாக்குவது காரைக்கால் அம்மையாரின் அற்புதத் திருவந்தாதியிலும் முதலாழ்வார்களின் அந்தாதிகளிலும் நாம் காணும் முறை. கும்பகோணத்தை அடுத்த திருவலஞ்சுழி மீது பாடிய மும்மணிக்கோவையில் கட்டளைக் கலித்துறையும் வருகிறது. சங்கப் பாடல்களில் இல்லாத பா வகை அது! புடவையின் கரையைப் பார்த்தே எந்த ஊர் நெசவு என்று சொல்லிவிடுகிறோம் அல்லவா? அதுபோல, பாட்டின் வடிவமே காலத்தைக் காட்டிக் கொடுத்துவிடுகிறது.

நூலே தரும் சாட்சி

இறையனார் களவியல் உரையில் பாண்டிக்கோவைப் பாடல்கள் நிறைய மேற்கோளாக வருகின்றன. அது ஏழாம் நூற்றாண்டுப் பாண்டிய மன்னன் நெடுமாறனைப் போற்றும் நூல். சங்ககால நக்கீரர் அதை எப்படி எடுத்துக்காட்டியிருக்க முடியும்? விடையும் அந்த உரையிலேயே இருக்கிறது. நக்கீரர் சொன்ன உரை, மகன், மாணாக்கர் என்று பலர் வழியாகக் காதால் கேட்டு, முசிறி ஆசிரியர் நீலகண்டனார் வரை வந்தது என்று அதுவே சொல்கிறது. பாட்டி சொன்ன பட்சணப் பக்குவம் அம்மா வழியாக நம்மிடம் வரும்போது, பெயர் பாட்டியுடையதாகவே இருக்கும். நடுவில் வந்தவர்களின் கைமணமும் சேர்ந்திருக்கும். உரையும் அப்படித்தான்.

திருமுருகாற்றுப்படை யாருடையது?

அறிஞர்கள் கருத்து மாறுபடும் இடம் இதுதான். பத்துப்பாட்டில் உள்ள ஆற்றுப்படைகள் ஐந்து. மற்றவை பொருநர், பாணர், கூத்தர் என வழி கேட்டுப் போகிறவர் பெயரால் அமைந்தவை. இது மட்டும் போய்ச் சேர வேண்டிய முருகப்பெருமான் பெயரால் அமைந்திருக்கிறது. பரிசிலாகக் கிடைப்பதும் பொன் பொருள் அல்ல, அவன் திருவடி. ஆறெழுத்து மந்திரத்தைப் பற்றியும் புராணச் செய்திகளைப் பற்றியும் இதில் வருவதால், நெடுநல்வாடைக்குப் பின்னர் வேறொரு நக்கீரர் பாடியது என்பார் பலர். பாடுபொருள் மாறினால் நடையும் மாறும், இருவரும் ஒருவரே என்பாரும் உண்டு. பத்துப்பாட்டிலும் திருமுறையிலும் ஒருசேர இடம்பெற்ற ஒரே நூல் இதுதான்.

பக்திக்குக் குறை வருமா?

நக்கீரர் ஒருவர் அல்லர் என்றால் நம் பாராயணத்தின் பலன் குறைந்துவிடுமா என்று சிலருக்குத் தோன்றலாம். சற்றும் குறையாது. புலவர் யாராக இருந்தாலும் பாட்டில் உள்ள திருப்பரங்குன்றமும் திருச்செந்தூரும் அப்படியேதான் இருக்கின்றன. ஆராய்ச்சியால் நமக்கு லாபமே. ஒரு நக்கீரரை வணங்கிவந்த நாம், இனி காளத்தியப்பரைப் பாடிய அடியவரையும், உரையை மனத்தில் சுமந்து காத்த ஆசிரியர்களையும் சேர்த்து வணங்கலாம்.

அடுத்த கிருத்திகையன்று திருமுருகாற்றுப்படையைப் படித்து முடித்ததும், பதினோராம் திருமுறையை எடுத்து, நக்கீரதேவ நாயனாரின் அந்தாதியில் சில வெண்பாக்களையும் வாய்விட்டுப் படியுங்கள். முன்னதன் நீண்ட அகவல் நடைக்கும் பின்னதன் வெண்பாவுக்கும் உள்ள வேறுபாட்டை உங்கள் காதே சொல்லிவிடும்.