ஆயிரம் ரூபாய் அபராதமும் அதன் பின்னால் வரும் செலவுகளும்

மருத்துவமனைக்கு வந்து தங்கும் குடும்பத்தின் செலவுக் கணக்கில் மருந்து, பரிசோதனை, உணவு, வாடகை வண்டி ஆகியவை வழக்கமாக இடம்பெறும். சிகிச்சை முடிந்து வீடு திரும்பிய சில நாட்களில், சிலருடைய கைப்பேசிக்கு எதிர்பாராத குறுஞ்செய்தி ஒன்றும் வருகிறது. நோயாளியை அழைத்து வந்த அன்று, இன்ன இடத்தில், இன்ன நேரத்தில் வண்டி அனுமதிக்கப்பட்ட வேகத்தை மீறிச் சென்றது என்றும், இவ்வளவு அபராதம் செலுத்த வேண்டும் என்றும் அச்செய்தி கூறும். "உயிரைக் காப்பாற்றத்தானே ஓடினோம், அதற்கும் அபராதமா?" என்று கேட்பது இயல்பு. அந்தக் கேள்விக்குச் சட்டம் என்ன விடை தருகிறது, அபராதத்தோடு வேறு என்னென்ன வரக்கூடும், செய்தி வந்தபின் என்ன செய்ய வேண்டும் என்பவற்றை இக்கட்டுரை விளக்குகிறது.

முதலில் சட்டம். மோட்டார் வாகனச் சட்டம் 2019ஆம் ஆண்டு திருத்தப்பட்டு, அவ்வாண்டு செப்டம்பர் 1 முதல் நடைமுறைக்கு வந்தது. தமிழ்நாடு அரசு 2022 அக்டோபரில் தனது அபராதத் தொகைகளை அதற்கேற்ப மாற்றி அமைத்தது. வேக மீறலைப் பற்றிப் பேசுவது இச்சட்டத்தின் 183ஆம் பிரிவு. கார் போன்ற இலகுரக வாகனத்துக்கு 1,000 முதல் 2,000 ரூபாய் வரை, லாரி, பேருந்து போன்ற நடுத்தர, கனரக வாகனங்களுக்கு 2,000 முதல் 4,000 ரூபாய் வரை அபராதம் விதிக்க இப்பிரிவு இடமளிக்கிறது. இரண்டாம் முறை பிடிபட்டால் ஓட்டுநர் உரிமத்தையே கைப்பற்றலாம். தன்னிடம் வேலை செய்யும் ஓட்டுநரை வேகமாக ஓட்டச் செய்யும் முதலாளிக்கும் இதே பிரிவின்கீழ் தண்டனை உண்டு. வாடகைக் காரில் பின்னிருக்கையில் அமர்ந்துகொண்டு "இன்னும் வேகமாகப் போங்கள்" என்று அவசரப்படுத்தும் உறவினர்களை இப்பிரிவு தொடுவதில்லை. ஆனால் அந்த அவசரத்தின் விலையைப் பிறகு தனியாகச் செலுத்துபவர் அந்த ஓட்டுநர்தான் என்பதை நினைவில் கொள்வது நலம்.

அவசர நோயாளியை ஏற்றிச் செல்லும் தனியார் காருக்கு இச்சட்டத்தில் தனி விலக்கு இல்லை. அவசர ஊர்திகளின் ஓட்டுநர்களுக்கு மட்டுமே, அதுவும் அவசரப் பணியில் உள்ளபோது மட்டுமே, வேக வரம்பைக் கடக்கும் உரிமை விதிகளில் தரப்பட்டுள்ளது. ஆம்புலன்ஸுக்கு வழிவிட மறுப்பவருக்குப் 10,000 ரூபாய் வரை அபராதம் விதிக்கும் பிரிவும் 2019ஆம் ஆண்டுத் திருத்தத்தில்தான் சேர்க்கப்பட்டது. ஊதுகுழலும் விளக்கும் எதிரே வருபவரை எச்சரிக்கின்றன, அவர் ஒதுங்குகிறார். முகப்பு விளக்கை எரியவிட்டு ஒலிப்பானை அழுத்திக்கொண்டு வரும் காரில் நோயாளி இருப்பதை எதிரே வருபவர் எவ்வாறு அறிவார்?

தொப்பூர் வழியே சேலம் செல்வோருக்கு

நமது மாவட்டத்தில் இந்தச் சிக்கல் பெரிதும் எழும் இடம் தொப்பூர்க் கணவாய். மேல்சிகிச்சைக்காகச் சேலம் செல்லுமாறு மருத்துவர் பரிந்துரைத்தால், தருமபுரியிலிருந்து 44ஆம் எண் தேசிய நெடுஞ்சாலையில் ஏறத்தாழ 65 கிலோமீட்டர் பயணம் செய்ய வேண்டும். அவ்வழியில் சாலை தருமபுரி மேட்டு நிலத்திலிருந்து சேலம் சமவெளியை நோக்கி வளைந்து இறங்குகிறது. நீண்ட இறக்கத்தில் தொடர்ந்து பிரேக்கை மிதித்தால் அது சூடேறிப் பிடிப்பை இழக்கும். டீசலை மிச்சப்படுத்துவதற்காகச் சில லாரி ஓட்டுநர்கள் கியரை நியூட்ரலில் விட்டு இறங்குவதும் உண்டு. அவ்வாறு இறங்கும் வண்டியை எஞ்சின் பிடித்து நிறுத்தாது. முழுச் சுமையும் பிரேக்கின் மீதே விழும். 2020 டிசம்பர் 12 அன்று இங்கே கட்டுப்பாட்டை இழந்த லாரி ஒன்று வரிசையாக நின்ற கார்களின் மீது மோதியதில் நால்வர் இறந்தனர். 2024 ஜனவரி 24 அன்று நிகழ்ந்த மற்றொரு மோதலில் வாகனங்கள் தீப்பிடித்து மேலும் நால்வர் இறந்தனர். கனரக வாகனங்கள் மணிக்கு 30 கிலோமீட்டருக்கு மேல் செல்லக் கூடாது என்னும் கட்டுப்பாடு இத்தகைய விபத்துகளின் விளைவே.

இந்தச் சாலையில் வேகத்தால் எவ்வளவு நேரம் மிச்சமாகும் என்பதைக் கணக்கிட்டுப் பாருங்கள். 65 கிலோமீட்டரை மணிக்கு 80 கிலோமீட்டர் வேகத்தில் கடக்க 49 நிமிடம் ஆகும். 110 கிலோமீட்டர் வேகத்தில் 35 நிமிடம் ஆகும். தாளில் 14 நிமிடம் மிச்சம். ஆனால் கணவாய் இறக்கத்திலும் சுங்கச்சாவடியிலும் சேலம் நகருக்குள் நுழையும் நெரிசலிலும் யாராலும் 110இல் செல்ல இயலாது. அந்தப் பதினான்கு நிமிடங்களில் பாதி கிடைத்தாலே அதிகம்.

அந்தச் சில நிமிடங்களுக்கு ஈடாக நாம் இழப்பது நிறுத்தும் தூரம். தடையைக் கண்டு காலைப் பிரேக்கில் வைக்க ஒருவருக்கு ஏறத்தாழ ஒன்றரை நொடி ஆகிறது. அதற்குள் வண்டி தன் வேகத்திலேயே ஓடிக்கொண்டிருக்கும். நல்ல பிரேக் உள்ள கார், உலர்ந்த சமதளச் சாலையில் 40 கிலோமீட்டர் வேகத்தில் சென்றால் முழுதாக நிற்க ஏறத்தாழ 25 மீட்டர் தேவை. 80 கிலோமீட்டர் வேகத்தில் 68 மீட்டர் தேவை. வேகம் இருமடங்கானால் பிரேக் பிடித்தபின் ஓடும் தூரம் நான்கு மடங்காவதே இதற்குக் காரணம். மோதலின்போது உடல் தாங்க வேண்டிய ஆற்றலும் இவ்வாறே நான்கு மடங்காகிறது. சராசரி வேகம் ஒரு விழுக்காடு கூடினால் உயிரிழப்பு விபத்துக்கான வாய்ப்பு 4 விழுக்காடு கூடுவதாக உலக சுகாதார நிறுவனம் கூறுகிறது. இந்தியாவில் 2022ஆம் ஆண்டு சாலை விபத்துகளில் 1,68,491 பேர் இறந்தனர். அவற்றுள் பத்தில் ஏழுக்கும் மேற்பட்ட இறப்புகளை மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகம் அதிவேகத்தின் கணக்கில் சேர்த்துள்ளது. அதே ஆண்டில் நாட்டிலேயே அதிக விபத்துகள், 64,105, பதிவான மாநிலம் தமிழ்நாடு.

உரிமம், வழக்கு, இழப்பீடு

அபராதத் தொகையைக் கட்டியதும் எல்லாம் முடிந்துவிட்டதாகப் பலர் கருதுகின்றனர். வண்டி ஓட்டிப் பிழைக்கும் குடும்பத்துக்கு அதைவிடப் பெரிய இழப்பு உரிமத்தில் இருக்கிறது. நெடுஞ்சாலைகளில் நிகழும் இறப்புகளைக் குறைக்கக் கோரி, கோயம்புத்தூரைச் சேர்ந்த எலும்பு முறிவு அறுவை மருத்துவர் எஸ். ராஜசேகரன் 2012ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத்தை நாடினார். அவ்வழக்கின் தொடர்ச்சியாக நீதிமன்றம் அமைத்த சாலைப் பாதுகாப்புக் குழு, அதிவேகமாக ஓட்டுபவரின் உரிமத்தைக் குறைந்தது மூன்று மாதங்களுக்கு நிறுத்தி வைக்குமாறு 2015ஆம் ஆண்டு மாநிலங்களை அறிவுறுத்தியது. அறுவை அரங்கில் முறிந்த எலும்புகளைக் கண்டு சலித்த ஒரு மருத்துவரின் மனுவிலிருந்து இவ்விதி கிளைத்தது என்பது மருத்துவமனையில் இருப்போர் அறிந்துகொள்ளத் தக்கது.

உரிமத்தை நிறுத்தி வைக்கும் முன் உரிமம் வழங்கும் அலுவலர் உங்கள் விளக்கத்தைக் கேட்க வேண்டும் என்பது சட்டம். ஆகவே வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்திலிருந்து அழைப்பு வந்தால் தவறாமல் செல்லுங்கள். அன்று நோயாளியை ஏற்றிச் சென்றிருந்தால் மருத்துவமனைச் சேர்க்கைச் சீட்டின் நகலுடன் எழுத்துமூலம் விளக்கம் கொடுங்கள். அது குற்றத்தைத் துடைத்துவிடாது. எனினும் அலுவலர் முடிவெடுக்கும்போது கருத்தில் கொள்ளத்தக்க செய்தியாகும். நிறுத்தி வைத்த காலத்தில் வண்டி ஓட்டிப் பிடிபட்டால் அபராதம் 10,000 ரூபாய், அல்லது மூன்று மாதம் வரை சிறை, அல்லது இரண்டும்.

வேகத்தில் சென்ற வண்டி விபத்தில் சிக்கினால் கணக்கே மாறிவிடும். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின்படி, கவனமின்மையால் ஒருவருடைய மரணத்துக்குக் காரணமானவருக்கு ஐந்தாண்டு வரை சிறைத்தண்டனை விதிக்கலாம். இழப்பீட்டு வழக்கிலும் வேகம் குறுக்கே வந்து நிற்கும். எதிர் வாகனத்தின் மீது தவறு இருந்தாலும், காயமுற்றவரும் அதிவேகமாக ஓட்டினார் என்று தீர்ப்பாயம் கண்டால் அவருடைய பங்கைக் கழித்துவிடும். பத்து இலட்சம் ரூபாய் கிடைக்க வேண்டிய இடத்தில் அவர் பங்கு முப்பது விழுக்காடு என்றால் ஏழு இலட்சமே கிடைக்கும். எதிர் வாகனமே இல்லாத விபத்தில் நிலைமை இன்னும் கடுமையானது. கர்நாடகத்தில் அதிவேகமாகவும் அஜாக்கிரதையாகவும் காரை ஓட்டி, வண்டி கவிழ்ந்து இறந்த ஒருவரின் குடும்பத்தினர் கேட்ட இழப்பீட்டை 2025 ஜூலையில் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. தவறு ஓட்டியவருடையதே என்பதால் காப்பீட்டு நிறுவனம் பொறுப்பேற்க வேண்டியதில்லை என்பது முடிவு.

வேகத்துக்கு இரையானவரின் பக்கத்திலிருந்து பார்க்க வேறொரு வழக்கு உண்டு. காஞ்சிபுரம் பகுதியில் விபத்துக்குள்ளாகித் தொண்ணூறு விழுக்காடு உடல் இயக்கத்தை இழந்த ஒரு பல் மருத்துவருக்குத் தீர்ப்பாயம் அளித்தது பதினெட்டு இலட்சம் ரூபாய் அளவிலான தொகை. சென்னை உயர் நீதிமன்றம் 2021ஆம் ஆண்டு அதை ஏறத்தாழ ஒன்றரைக் கோடி ரூபாயாக உயர்த்தியது. வாழ்நாள் முழுவதும் ஒருவர் உடனிருந்து கவனிக்க வேண்டிய நிலைக்கு என்ன செலவாகும் என்பதை இத்தொகையிலிருந்து ஊகிக்கலாம். நோயாளியைக் கவனித்துக்கொள்ளும் உங்களுக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

குறுஞ்செய்தி வந்தால்

கேமரா பதிவு செய்த மீறலுக்கான அறிவிப்பு, அதாவது இ-சலான், வண்டியின் பதிவுச் சான்றில் உரிமையாளராக உள்ளவருக்கே செல்லும். பழைய வண்டியை வாங்கி இன்னும் பெயர் மாற்றாதவர்களுக்கு அறிவிப்பு வராது, விற்றவருக்கு வரும். அவர் தகவல் சொல்லாவிட்டால் நிலுவை ஏறிக்கொண்டே இருக்கும். பின்னர் தகுதிச் சான்றுக்கோ பெயர் மாற்றத்துக்கோ செல்லும்போது மொத்தமாகத் தெரியவரும். ஆகவே பெயரையும் கைப்பேசி எண்ணையும் பதிவேட்டில் சரியாக வைத்திருப்பது முதல் வேலை.

2021ஆம் ஆண்டு வகுக்கப்பட்ட மத்திய விதிப்படி, வேகம் அளக்கும் கருவிக்கு ஒப்புதல் சான்று இருக்க வேண்டும். கண்காணிப்பு உள்ள இடத்தில் எச்சரிக்கைப் பலகை இருக்க வேண்டும். அறிவிப்பில் வண்டி எண் தெரியும் படம், நாள், நேரம், இடம், அளந்த வேகம் ஆகியவை காணப்பட வேண்டும். படத்தில் உள்ள வண்டி உங்களுடையதுதானா என்று முதலில் பாருங்கள். எண் பலகையை இயந்திரம் தவறாகப் படிப்பதும் நேர்கிறது. உங்களுடையது இல்லையென்றால் பணம் கட்டாமல், பரிவாஹன் இணையதளத்தின் குறைதீர்ப்புப் பகுதியிலோ சம்பந்தப்பட்ட காவல் துறையிலோ முறையிடுங்கள். உங்களுடையது என்றால், குறித்த கெடுவுக்குள் கட்டிவிடுவதே சிக்கனம். கெடு தாண்டினால் விவகாரம் நீதிமன்றத்துக்குப் போகும்.

இங்கே ஓர் எச்சரிக்கை மிகவும் தேவை. அபராதம் என்ற பெயரில் மோசடிக்காரர்கள் வாட்ஸ்அப்பில் ஏபிகே கோப்பு ஒன்றை அனுப்புகின்றனர். அதைத் திறந்து நிறுவினால் கைப்பேசிக்கு வரும் ஓ.டி.பி. எண்கள் அவர்களுக்குச் சென்று வங்கிக் கணக்கு காலியாகும். வார்டில் உறக்கமின்றி அமர்ந்திருப்பவர் பதற்றத்தில் அழுத்திவிடக் கூடியது அது. காவல் துறை அபராதத்துக்காகச் செயலிக் கோப்பை வாட்ஸ்அப்பில் அனுப்புவதில்லை. அரசின் பரிவாஹன் தளத்தை நீங்களே திறந்து வண்டி எண்ணை இட்டுப் பாருங்கள். பணம் போய்விட்டதென்றால் தாமதிக்காமல் 1930 என்னும் எண்ணில் இணையக் குற்றப் பிரிவை அழையுங்கள்.

வார்டுகளில் அடிக்கடி காணும் இன்னொரு பழக்கத்தையும் சொல்ல வேண்டும். பெரியவர்கள் நோயாளியின் அருகில் இருக்க, வீட்டிலிருந்து கஞ்சியும் துணியும் கொண்டுவரப் பதினைந்து, பதினாறு வயதுப் பையனிடம் இருசக்கர வாகனத்தைக் கொடுத்து அனுப்புகின்றனர். உரிமம் பெறும் வயதை எட்டாதவர் ஓட்டிக் குற்றம் நேர்ந்தால் பெற்றோருக்கு அல்லது வண்டியின் உரிமையாளருக்கு 25,000 ரூபாய் அபராதமும் மூன்றாண்டு வரை சிறையும் உண்டு. வண்டியின் பதிவு பன்னிரண்டு மாதங்களுக்கு ரத்தாகும். அந்தப் பையனுக்கு 25 வயதாகும்வரை உரிமம் கிடைக்காது. பென்னாகரத்திலிருந்தும் அரூரிலிருந்தும் பேருந்துகள் இருக்கின்றன. கஞ்சி அரை மணி நேரம் தாமதமாக வரலாம்.

அவசரத்தில் யாரை அழைப்பது என்பதற்கு விடை தமிழ்நாட்டில் 2008 முதல் ஒன்றுதான்: 108. கட்டணம் இல்லை. வண்டியில் ஆக்சிஜனும் முதலுதவி தரப் பயிற்சி பெற்ற பணியாளரும் உள்ளனர்; வழியிலேயே சிகிச்சை தொடங்குகிறது. காரின் பின்னிருக்கையில் மடியில் கிடத்திச் செல்லும் நோயாளிக்கு ஒவ்வொரு திடீர்ப் பிரேக்கும் ஓர் அடி. மாரடைப்பு, முதுகெலும்புக் காயம், நிறைமாதக் கர்ப்பம் ஆகியவற்றில் அந்த அடியைத் தவிர்ப்பது சில நிமிடங்களை மிச்சப்படுத்துவதைவிட முக்கியமானது. அரசு மருத்துவமனையிலிருந்து சேலத்துக்கு மேல்சிகிச்சைக்கு அனுப்பும்போதும் 108 வண்டி கேட்டுப் பெறலாம். பணியில் உள்ள செவிலியரிடம் கேளுங்கள்.

108க்கு அழைக்கும்போது முதலில் ஊரின் பெயரையும் வட்டத்தையும் சொல்லுங்கள். ஒரே பெயரில் பல ஊர்கள் உண்டு. அடுத்து அருகிலுள்ள கோயில், பள்ளி, பேருந்து நிறுத்தம் போன்ற அடையாளத்தைச் சொல்லுங்கள். நோயாளிக்கு நினைவு இருக்கிறதா, மூச்சு எப்படி இருக்கிறது என்பதைச் சொல்லுங்கள். எதிர்முனையில் இருப்பவர் வைக்கச் சொல்லும்வரை அழைப்பைத் துண்டிக்க வேண்டாம். ஒருவர் சாலையோரம் வந்து நின்று வண்டிக்குக் கை காட்டட்டும். இரவானால் கையில் டார்ச் விளக்கு இருக்கட்டும்.