'டிஸீஸ்' என்னும் ஆங்கிலச் சொல்லும் துக்க சத்தியமும்



பகவான் புத்தர் சாரநாத்து மான்சோலையில் ஐந்து துறவிகளுக்குத் தம்மச் சக்கரத்தை உருட்டியபோது நான்கு சத்தியங்களுள் முதலாவதாக எடுத்தோதியது துக்க சத்தியமாகும். திரிசரணமும் பஞ்சசீலமும் ஏற்று இம்மார்க்கத்துள் புதிதாய்ப் புகும் நம்மவர் முதலாவதாக இடறி நிற்பதும் இச்சத்தியத்திலேதான். பிறப்பும் துக்கம், மூப்பும் துக்கம், பிணியும் துக்கம், சாவும் துக்கம் என்று பாடம் தொடங்கும்போதே, "அப்படியாயின் பௌத்தம் ஒப்பாரி மதமா?" என்று மர்பி டவுன் ஞாயிற்று வகுப்பில் ஒருவரேனும் கேளாத ஆண்டில்லை. கேட்பவர் பகைவர் அல்லர், நம்முள் ஒருவரே. ஆகவே அவருக்கு விடை கூறுவது நம் கடமையாகும்.

இவ்வினா எழுதற்குக் காரணம் தம்மத்தில் இல்லை. ஒரு சொல்லில் இருக்கிறது. பாலி மொழியின் 'துக்க' என்னும் சொல் தமிழில் 'துக்கம்' என்று வழங்கிச் சாவோடு ஒட்டிக்கொண்டது. இழவு விழுந்த வீட்டைத் துக்க வீடு என்கிறோம். அங்குச் சென்று வருவதைத் துக்கம் விசாரித்தல் என்கிறோம். இவ்வழக்கில் ஊறிய செவிக்குப் பிறப்பும் துக்கம் என்று ஓதினால், தொட்டில் கட்டிய வீட்டில் பாடை கட்டச் சொன்னதுபோலவே கேட்கும். பகவான் அவ்வாறு கூறவில்லை. அவர் கூறியது யாது என்பதை இப்பாடத்தில் ஓர் ஆங்கிலச் சொல்லின் துணைகொண்டு ஆராய்வோம். ஆங்கிலத்தின்மீது கொண்ட மோகத்தால் அன்று. நம் வீட்டில் நாம் காணாது விட்ட பொருளைச் சில வேளை அயலார் விளக்கு காட்டிக்கொடுக்கும் என்பதனாலாம்.

சொல்லின் பிறப்பும் வளர்ப்பும்

'டிஸீஸ்' என்றால் இன்று நோய். மருத்துவமனைச் சீட்டு முதல் செய்தித்தாள் வரை அதுவே பொருள். ஆனால் இச்சொல்லைப் பிரித்துப் பார்மின். 'டிஸ்' என்பது இன்மையைக் குறிக்கும் முன்னொட்டு. 'ஈஸ்' என்பது இசைவு, இளைப்பாறல், நெருக்கடியின்மை. எனவே 'டிஸீஸ்' என்பதன் முதற்பொருள் காய்ச்சலும் அன்று, கட்டியும் அன்று; இசைவின்மை என்பதே.

இந்த 'ஈஸ்' நமக்குப் புதியதன்று. சாய்ந்து அமரும் நாற்காலியை நம் பாட்டன்மார் காலந்தொட்டு ஈஸி சேர் என்றே அழைக்கிறோம். அல்சூர் ஏரியை அடுத்துச் சென்னைச் சுரங்கப் படையின் தலைமையகம் அமைந்துள்ளமையால், 'ஸ்டாண்ட் அட் ஈஸ்' என்னும் அணிவகுப்புக் கட்டளையும் நம் பகுதியார் நன்கறிந்ததே. விறைத்து நின்ற வீரன் அக்கட்டளை கேட்டதும் என் செய்கிறான்? கால்களை அகற்றி வைக்கிறான். உடலுக்குச் சிறிது இடம் கொடுக்கிறான்.

இடம் என்றது வீணாகச் சொன்னதன்று. ஆங்கிலேயர் இச்சொல்லைப் பழைய பிரெஞ்சு மொழியிலிருந்து 13-ஆம் நூற்றாண்டளவில் பெற்றனர். அம்மொழியில் இதற்கு, பக்கத்தில் உள்ள இடம், கை வீசி அசைதற்குரிய வெளி என்ற பொருளும் உண்டு. அதற்கும் மூலம் 'அருகே கிடப்பது' என்னும் பொருள்கொண்ட இலத்தீன் சொல் என்று அறிஞர் பலர் கருதுவர். ஆகவே 'ஈஸ்' உடையவன் இடம் உடையவன். 'டிஸீஸ்' உற்றவன் நெருக்குண்டவன்.

14-ஆம் நூற்றாண்டு ஆங்கிலத்தில் 'டிஸீஸ்' என்பது மனவருத்தம், தொல்லை, அமைதிக் குலைவு ஆகிய அனைத்தையும் குறித்தது. உடல் நோய் அவற்றுள் ஒன்றாய் இருந்தது. 16-ஆம் நூற்றாண்டில் வில்லியம் டிண்டேல் கிறிஸ்தவரின் புதிய ஏற்பாட்டை மொழிபெயர்த்தபோது, மாற்கு சுவிசேஷத்தில் ஒருவரைத் தொந்தரவு செய்தல் என்ற பொருளில் இதனை வினைச்சொல்லாகவே ஆண்டார். 1611-இல் ஜேம்ஸ் மன்னர் காலத்து மொழிபெயர்ப்பு அவ்விடத்தில் இச்சொல்லை நீக்கித் 'தொந்தரவு' என்பதற்குரிய வேறு சொல்லை இட்டது. இதற்கிடையே மருத்துவப் பொருள் ஏனைய பொருள்களை மெல்ல ஒதுக்கிற்று. சொல்லுக்கே இடமில்லாமற் போயிற்று என்னலாம். பழைய பொருளைக் கூற 'அன்ஈஸ்', 'அன்ஈஸினஸ்' என்னும் வேறு சொற்கள் பயன்பட்டன. ஜான் லாக் என்னும் ஆங்கிலத் தத்துவ ஞானி 1694-இல் வெளிவந்த தம் நூலின் இரண்டாம் பதிப்பில், மனிதனைச் செயலுக்குத் தூண்டுவது இந்த 'அன்ஈஸினஸ்' என்னும் நிலைகொள்ளாமையே என்று எழுதினார். இல்லாத ஒன்றை நாடும் வேட்கையும் அதுவே என்றார். நோயைக் கண்டார்; ஆனால் அதனை அறவே நீக்கும் வழியைத் தேடினாரல்லர்.

அகராதிகள் கூறுவன

1881-இல் இலண்டனில் பாலி நூற்கழகத்தை நிறுவிய ரைஸ் டேவிட்ஸ் அவர்களும் வில்லியம் ஸ்டீட் அவர்களும் தொகுத்த பாலி-ஆங்கில அகராதி 1921 முதல் 1925 வரையில் வெளிவந்தது. அதில் 'துக்க' என்னும் சொல்லுக்கு வந்ததும் அவர்கள் தயங்கி நிற்கின்றனர். இச்சொல்லின் பரப்பு முழுவதையும் தழுவும் ஆங்கிலச் சொல் ஒன்றும் இல்லை. உள்ளவை குறுகியவை, பெரும்பாலும் மிகக் கடுமையானவை என்கின்றனர். சுகமும் துக்கமும் 'ஈஸ்', 'டிஸீஸ்' என்பனவாம். ஆனால் பின்னதை நாம் வேறு பொருளில் வழங்குகிறோமே என்று வருந்துகின்றனர். பொருத்தமான சொல் தம் மொழியில் இருந்தும், அதன் பழம்பொருள் தேய்ந்துவிட்டதால் அவர்களால் எடுத்தாள முடியவில்லை. 'துக்கம்' என்ற சொல்லோடு நாம் படும் பாடும் இதுவேயன்றோ?

மோனியர் வில்லியம்ஸ் அவர்களின் சமஸ்கிருத-ஆங்கில அகராதியும் (1899) இச்சொல்லுக்கு முதலில் தரும் பொருள் நிலைகொள்ளாமை, வசதியின்மை என்பதே; அழுகை அன்று. சொற்பிறப்பில் இரு கொள்கைகள் உண்டு. 'து' என்பது தீய. 'க' என்பது துளை, வெளி. வண்டிச் சக்கரத்தின் குடத்தில் அச்சு நுழையும் துளைக்கும் அது பெயராம். துளை செவ்வையாய் இருப்பின் சுகம். கோணலாய் இருப்பின் துக்கம். மற்றொரு கொள்கை, 'தீய நிலையில் நிற்றல்' என்னும் சமஸ்கிருதச் சொல் திரிந்து இவ்வாறாயிற்று என்பது. மோனியர் வில்லியம்ஸ் பின்னதையே மிகுதியும் ஏற்கிறார். காஞ்சிபுரத்தில் தாம் தங்கியிருந்ததைக் கூறும் புத்தகோசரோ, தம் விசுத்திமார்க்கத்தில் 'க' என்பதை வெறுமை எனக் கொண்டு, நிலைபேறு இல்லாத வெறுமையே துக்கம் என விளக்குகிறார். எந்த வழியில் சென்றாலும் சாவும் ஒப்பாரியும் வழியில் தென்படவில்லை என்பதைக் கவனிமின்.

நூற்பாலையில் உழைத்த நம்மவர்க்கு அச்சுத் துளையின் உவமை மிக எளிது. ரிங் பிரேமில் ஆயிரம் கதிர்கள் சுழலும். ஒரு கதிர் அமர்ந்த குழி தேய்ந்துவிட்டால் அக்கதிர் உடைவதில்லை, நிற்பதுமில்லை, சுழன்றுகொண்டேதான் இருக்கும். ஆனால் ஆடிக்கொண்டே சுழலும். நூல் அடிக்கடி அறும். ஒட்ட ஒட்ட மீண்டும் அறும். அறுந்த நூலை ஒட்டுவதிலேயே நாள் கழியும்; குழியை எவரும் நோக்கார். பகவான் நோக்கச் சொன்னது அக்குழியையே.

தமிழில் உள்ள சொற்கள்

நம் மொழி இவ்விடத்தில் ஏழையன்று. இனியது அல்லாதது 'இன்னா'. ஆங்கிலத்தின் 'டிஸீஸ்' போலவே நல்லதொன்றின் இன்மையால் அமைந்த சொல் இது. திருக்குறளில் இன்னா செய்யாமை என்றே ஓர் அதிகாரம் உண்டு. அவ்வதிகாரத்தில் 'நோய்' என்பதும் காய்ச்சலைக் குறியாது, பிறர்க்குச் செய்யும் துன்பத்தைக் குறிக்கின்றது. 'பிணி' என்பதோ இன்னும் ஆழமானது. பிணித்தல் என்றால் கட்டுதல். கட்டுண்டு அசைய இடமின்றிக் கிடப்பதே பிணி. மணிமேகலை பசியையும் பிணி என்றே கூறி, அதனைத் தீர்ப்பதைப் பெரும் அறமாகப் போற்றுகின்றது. இன்னா, நோய், பிணி என்னும் இம்மூன்றையும் மனத்திற்கொண்டு துக்க சத்தியத்தை ஓதுவோமாயின் ஒப்பாரி ஒழியும்; பொருள் விளங்கும்.

மூவகைத் துக்கம்

பகவான் துக்கத்தை மூவகையாய்க் கூறியுள்ளார். ஈஸி சேரையே உதாரணமாகக் கொள்வோம். சட்டம் முறிந்த நாற்காலியில் அமர்ந்தால் முதுகு வலிக்கும். இது வெளிப்படையான வேதனை, முதல்வகை. நல்ல நாற்காலியில் அமர்ந்தால் இன்பமே. ஆனால் ஒரு நாழிகை கழிந்ததும் அதே இருக்கை உறுத்துகிறது, புரண்டு அமர்கிறோம். இன்பம் மாறுவதால் வருவது இரண்டாம் வகை. புரண்டு புரண்டு அமர்வதனாலேயே துக்கம் நமக்குத் தெரியாமல் மறைந்துவிடுகிறது என்று விசுத்திமார்க்கம் நுட்பமாய்க் கூறும். எந்த நாற்காலியிலும் என்றும் நிலைத்து இளைப்பாற இயலாதவாறு, காரணங்களால் கூடியும் கலைந்தும் வரும் இவ்வுடல் மனங்களின் இயல்பே மூன்றாம் வகை. இம்மூன்றாவதற்குத் தமிழ்நாட்டுத் 'துக்கம்' சிறிதும் பொருந்தாது; நிலைகொள்ளாமை என்பது பொருந்தும்.

மருத்துவர் கூற்று

நோய் இதுவென்று கூறும் மருத்துவரை எவரும் அழுமூஞ்சி என்பதில்லை. நோய், நோயின் காரணம், நோய் தீர்தல், மருந்து ஆகிய நான்கோடு நான்கு சத்தியங்களையும் புத்தகோசர் ஒப்பிடுகிறார். நோயையும் அதன் முதலையும் அது தணிக்கும் வழியையும் ஆராயுமாறு வள்ளுவரும் மருத்துவர்க்குக் கட்டளையிட்டார். 1898-இல் தென்னிந்தியத் தமிழருக்குப் பௌத்த சங்கம் கண்ட பண்டிதர் அயோத்திதாசர் சித்த மருத்துவராய் இருந்தார் என்பதும் ஈண்டு நினைக்கத்தக்கது.

பாபாசாகேப் அம்பேத்கர் அவர்களும் இவ்வையத்தை எதிர்கொண்டார். அவர் மறைவுக்குப் பின் 1957-இல் வெளிவந்த 'புத்தரும் அவர் தம்மமும்' என்னும் நூலின் முன்னுரையில், வாழ்வெல்லாம் துக்கம் என்னும் போதனை பிறர் பௌத்தத்தை ஏற்பதற்குப் பெருந்தடை என்று வெளிப்படையாகவே எழுதினார். அந்நூலிலேயே, துக்கம் உண்டு என்பதற்கு ஈடாகத் துக்கத்தை நீக்குதலையும் தம் தம்மம் வற்புறுத்துவதாகப் பகவான் விடை கூறுவதாய் அமைத்தார். புத்தரையும் மார்க்ஸையும் ஒப்பிட்டு எழுதிய கட்டுரையில், துக்கம் என்னுமிடத்தில் சுரண்டல் என்று படித்தால் இருவரும் அதிகத் தொலைவில் இல்லை என்றும் குறித்தார்.

நம்மவர்க்கு இது ஏட்டுச் செய்தியன்று. கிணற்றடியில் இடமில்லை, கோயிலில் இடமில்லை, ஊர்த்தெருவில் இடமில்லை என்று நம் முன்னோர் நெருக்கப்பட்டனர். இடமின்மையே 'டிஸீஸ்' என்பதை அவர்கள் ஆங்கிலம் அறியாமலே அறிந்தனர். 1898-இல் பெங்களூரில் பிளேக் பரவியபோது, நெருங்கிய குடியிருப்புகளில் காற்றும் வெளிச்சமும் இல்லாமையை அரசினரும் உணர்ந்தனர். அதன் பின்னரே பிரேசர் டவுன் போன்ற பகுதிகள் அகன்ற தெருக்களோடு வகுக்கப்பட்டன. புறத்தே இடம் உண்டாக்குவதும் தம்மமே. ஆனால் வீடு அகன்ற பின்னும் மனம் அகலாவிடில் நிலைகொள்ளாமை தீராது. வேட்கையும் வெறுப்பும் மயக்கமும் அகத்தின் இடத்தை அடைத்துக்கொள்ளும். ஆகவே புறம், அகம் இரண்டையும் துடைப்பவனே உபாசகன். ஒன்றை மட்டும் செய்பவன் பாதிமருந்து உண்டவன்.

துக்க வீட்டில் நாம் பேச வேண்டுவது

இப்பொருளை அறிதலால் உண்டாகும் பயன் எங்கே தெரியும் எனின், உண்மையான துக்க வீட்டிலே தெரியும். பிள்ளையைப் பறிகொடுத்த தாயின் முன் நின்று, எல்லாம் துக்கமே என்று ஓதுவது போதனையன்று. புண்ணில் கோல் இடுதல். அவள் அழுகை குற்றமன்று. உடலில் தைக்கும் அம்பு ஒன்று. மனத்தில் நாமே ஏற்றிக்கொள்ளும் அம்பு மற்றொன்று என்று பகவான் இரு அம்புகளின் உவமை அருளினார். பிரிவு முதல் அம்பு. 'என் பாவத்தால் இறந்தான், முற்பிறப்பின் தண்டனை' என்று சுற்றத்தார் ஏற்றுவது இரண்டாம் அம்பு. நாம் செய்யத்தக்கது அவ்விரண்டாம் அம்பை எவரும் எய்யாமற் காத்தலே. அருகில் அமர்மின். குடிக்க நீர் கொடுமின். சொல்ல வேண்டியது மிகச் சிறிதே. அவள் மூச்சுவிடச் சிறிது இடம் கொடுங்கள். அதுவே அப்போதைக்கு நாம் கொடுக்கக்கூடிய 'ஈஸ்'.

பயிற்சி வினாக்கள்

1. 'துக்கம்' என்னும் சொல்லின் தமிழ் வழக்கும் பாலி வழக்கும் எவ்வாறு வேறுபடுகின்றன?
2. 'ஈஸ்' என்பதற்கும் அச்சுத் துளைக்கும் பொதுவாயுள்ள கருத்து யாது?
3. மூவகைத் துக்கத்திற்கும் உங்கள் வேலைத்தலத்திலிருந்து ஒவ்வோர் உதாரணம் தருக.
4. உங்கள் தெருவில் இடமின்றி நெருக்குண்டவர் யார்? அவருக்கு இடம் உண்டாக்க இம்மாதத்தில் நீங்கள் செய்யக்கூடியது யாது?

நான்காம் வினாவுக்கு விடையை ஏட்டில் எழுத வேண்டுவதில்லை.

சகல உயிர்களும் சுகமாய் இருக்கட்டும்.
நமோ புத்தாய.