குஸ்கோவில் ஒரு நாள்: எந்த டூரில் ஏறுவது?

பெருவின் குஸ்கோ நகரில், பிளாசா தெ அர்மாஸ் சதுக்கத்தைச் சுற்றிவந்தால் பத்தடிக்கு ஒரு டூர் ஏஜென்சி. வாசலில் பலகை, பலகையில் மச்சு பிச்சுவின் படம், அதன் கீழே விலைப்பட்டியல். உள்ளே போய்க் கேட்டால் எல்லோரும் சொல்வது ஏறக்குறைய அதே ஐந்து பயணங்களைத்தான்: அரை நாள் சிட்டி டூர், புனிதப் பள்ளத்தாக்கு, அதையே நீட்டிய ‘சூப்பர்’ பள்ளத்தாக்கு, தெற்குப் பள்ளத்தாக்கு, ஒரே நாளில் மச்சு பிச்சு. இன்கா மக்கள் கட்டியெழுப்பிய இடங்களுக்கென்று ஒரே ஒரு நாளும், அளந்து வைத்த பணமும் மட்டுமே இருக்கிறவர் இவற்றில் எதைப் பிடிப்பது?

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். எத்தனை இடம் காட்டுவீர்கள் என்று ஏஜென்சியில் கேட்காதீர்கள். ஒவ்வோர் இடத்திலும் எவ்வளவு நேரம் நிற்க விடுவீர்கள் என்று கேளுங்கள். மலிவான டூரில் வண்டி ஓரளவு நன்றாகவே இருக்கும், சாப்பாடும் குறை சொல்ல முடியாது. வெட்டு விழுவது நேரத்தில்தான். இன்காக்களின் சுவரோ அவசரமாகப் பார்த்தால் எதையும் சொல்லாத சுவர்.

பலகையில் இல்லாத விலை

குழுவாகப் போகும் பள்ளத்தாக்கு டூருக்கு ஏஜென்சிகள் கேட்பது பெரும்பாலும் 60 முதல் 100 சோல் வரை. சிட்டி டூர் அதில் பாதி. ஒரு சோல் நம் கணக்கில் ஏறத்தாழ 25 ரூபாய். கேட்பதற்கு மலிவுதான். ஆனால் நுழைவுச்சீட்டு இதில் சேராது. குஸ்கோவைச் சுற்றியுள்ள பெரும்பாலான தொல்லிடங்களுக்குத் தனித்தனிச் சீட்டு கிடையாது. ‘பொலேட்டோ துரிஸ்டிகோ’ என்ற ஒரே சீட்டுதான். வெளிநாட்டவருக்கு முழுச் சீட்டு 130 சோல். 16 இடங்களுக்குச் செல்லும், 10 நாள் வரை பயன்படுத்தலாம். பகுதிச் சீட்டு 70 சோல். அதில் மூன்று வகை உண்டு. நகருக்கு மேலே குன்றிலிருக்கும் நான்கு இடங்களுக்கு ஒன்று, ஒரு நாள் மட்டும் செல்லும். பிசாக், ஒயந்தாய்தம்போ, சின்ச்செரோ, மொராய் நான்குக்கும் சேர்த்து ஒன்று, இரண்டு நாள் செல்லும். தெற்குப் பள்ளத்தாக்கின் திபோன், பிக்கியாக்தாவோடு நகரத்து அருங்காட்சியகங்கள் சிலவற்றைச் சேர்த்து இன்னொன்று.

ஒரு பகுதி மட்டும் பார்ப்பவருக்கு 70 சோல் சீட்டு போதும். இரண்டு பகுதி பார்க்க நினைத்தாலே 140 ஆகிவிடும், அதற்கு 130 சோல் முழுச் சீட்டே மேல். பன்னாட்டு மாணவர் அட்டை வைத்திருக்கும் இளைஞர்களுக்கு முழுச் சீட்டில் சலுகை உண்டு. சீட்டை வாசலிலேயே வாங்கலாம், கையில் சோல் ரொக்கமாக இருக்கட்டும். நகருக்குள் இருக்கும் கொரிகாஞ்சா, நகருக்கு வெளியே மராஸ் உப்பளம், அந்தாவைலியாஸ் தேவாலயம் ஆகியவை இந்தச் சீட்டில் வராது, அங்கங்கே தனிக் கட்டணம். கட்டணம் மாறியிருக்கிறதா என்பதை ஐபெரு என்ற அரசுத் தகவல் மையத்தில் இலவசமாகக் கேட்டுக்கொள்ளலாம். ஆக, பலகையில் 80 சோல் என்று எழுதிய டூருக்கு உங்கள் கையை விட்டுப் போவது 150 சோல், மதியச் சாப்பாடு சேராவிட்டால் அதற்கும் மேல்.

உயரம் தீர்மானிக்கும் வரிசை

விலைக்கு முன்னால் பார்க்க வேண்டியது உயரம். குஸ்கோ கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 3,400 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. லிமாவிலிருந்து விமானத்தில் வந்து இறங்கியவருக்கு முதல் நாள் தலைவலி, மூச்சிரைப்பு, தூக்கமின்மை எல்லாம் வரலாம். ‘வந்த அன்றைக்கே சிட்டி டூர் போங்கள், அரை நாள்தானே’ என்று ஏஜென்சியில் சொல்வார்கள். ஆனால் சிட்டி டூரின் கடைசி இடமான தம்போமச்சாய் 3,700 மீட்டருக்கும் மேலே. மாறாக, புனிதப் பள்ளத்தாக்கின் தரை குஸ்கோவைவிடத் தாழ்வு. ஒயந்தாய்தம்போ சுமார் 2,800 மீட்டர்தான். உடம்பு பழகாதவர் முதலில் கீழே இறங்கிப் பள்ளத்தாக்கைப் பார்ப்பதே நல்லது. கோக்கா இலைத் தேநீர் எல்லா விடுதியிலும் தருவார்கள், குடிக்கலாம். அதைவிட முக்கியம் மெதுவாக நடப்பதும் நிறையத் தண்ணீர் குடிப்பதும். இதய நோய் இருப்பவர்கள் ஊரிலேயே மருத்துவரைப் பார்த்துவிட்டுக் கிளம்ப வேண்டும்.

இனி ஒவ்வொன்றாக.

சிட்டி டூர் மதியம் ஒரு மணிவாக்கில் கொரிகாஞ்சாவில் தொடங்கும். இன்காக்களின் சூரியக் கோயிலான அதன் மேல் ஸ்பானியர்கள் சாந்தோ தொமிங்கோ மடத்தைக் கட்டினார்கள். 1950 நிலநடுக்கத்தில் மடம் பலமாகச் சேதமடைந்தது, அடியிலிருந்த இன்கா சுவர்கள் அசையாமல் நின்றன. உள்நோக்கிச் சற்றே சாய்ந்த அந்தச் சுவர்களையும், அடி அகன்று மேலே குறுகிய வாசல்களையும் நின்று பார்த்தால் காரணம் கண்ணிலேயே தெரிகிறது. அடுத்து சக்சைவாமான். கோணல் மாணலாக மடிந்து போகும் மூன்றடுக்குச் சுவர். அதிலுள்ள பெருங்கற்களில் சில 100 டன்னுக்கு மேல் எடையுள்ளவை என்று மதிப்பிடுகிறார்கள். 1536இல் இன்கா அரசர் மாங்கோ இன்கா ஸ்பானியரை முற்றுகையிட்டபோது கடும் சண்டை இங்கேதான் நடந்தது, ஸ்பானியத் தலைவர் பிரான்சிஸ்கோ பிசாரோவின் தம்பி ஹுவான் பிசாரோ இங்கே காயம்பட்டு இறந்தார். பிறகு ஸ்பானியர்கள் நகரில் வீடும் தேவாலயமும் கட்ட இதைக் கல்லெடுக்கும் குவாரியாகவே ஆக்கிவிட்டார்கள். நாம் பார்ப்பது அவர்களால் நகர்த்த முடியாத மிச்சம்.

இவ்வளவு பெரிய இடத்துக்குக் குழு டூரில் கிடைப்பது ஒரு மணி நேரம்கூட இருக்காது. மீதி மூன்று இடங்களையும் வெளிச்சம் மங்குவதற்குள் ஓடி முடிக்க வேண்டும், நடுவில் அல்பாக்கா கம்பளிக் கடை ஒன்றிலும் இறக்கிவிடுவார்கள். இந்த டூரை நான் பரிந்துரைக்க மாட்டேன். சக்சைவாமானுக்கு நகரிலிருந்து நடந்தோ டாக்ஸியிலோ போய்விடலாம், காலை 7 மணிக்கே திறந்துவிடுகிறார்கள். வாசலில் வழிகாட்டி ஒருவரைப் பேசி அமர்த்தி இரண்டு மணி நேரம் அங்கேயே செலவிடுவது, நான்கு இடத்தை ஓடிப் பார்ப்பதைவிடப் பல மடங்கு மேல்.

புனிதப் பள்ளத்தாக்கு டூர்தான் ஒரு நாளுக்கு ஏற்றது. பழைய வழக்கப்படி அது பிசாக், உருபம்பாவில் மதியச் சாப்பாடு, ஒயந்தாய்தம்போ, திரும்பும் வழியில் சின்ச்செரோ என்று போகும். பிசாக்கில் இடிபாடுகள் மலை முகட்டில், சந்தை அடிவாரத்து ஊரில். முகட்டிலிருந்து பார்த்தால் மலைச்சரிவு முழுக்க அடுக்கடுக்காக வயல் திட்டுகள். எதிரே செங்குத்துப் பாறையில் தேன்கூடுபோல் ஓட்டைகள் தெரியும். அவை எல்லாம் கல்லறைகள், பிற்காலத்தில் தோண்டிக் கொள்ளையடிக்கப்பட்டவை. குழுவோடு போனால் இங்கே ஒரு மணி நேரம் கிடைக்கும், பிறகு வெள்ளி நகைக் கடைக்குக் கூட்டிப்போவார்கள். கடை வேண்டாம் என்றால் வழிகாட்டியிடம் நேரம் கேட்டுக்கொண்டு சந்தைப் பக்கம் நடக்கலாம், யாரும் தடுப்பதில்லை.

ஒயந்தாய்தம்போதான் அந்த நாளின் உச்சம். செங்குத்தான படிகளில் ஏறி மேலே போனால் முடிக்கப்படாத ஒரு கோயிலின் சுவராக ஆறு பெருங்கற்கள் வரிசையாக நிற்கின்றன, இளஞ்சிவப்பு நிறத்தில். கற்கள் ஒன்றோடொன்று நேராக ஒட்டவில்லை. ஒவ்வோர் இடைவெளியிலும் ஓர் ஒல்லிக் கல் பட்டை மேலிருந்து கீழ்வரை செருகப்பட்டிருக்கிறது. ஒரு கல்லின் முகத்தில் படிப்படியாகச் செதுக்கிய உருவம் தேய்ந்துபோய்த் தெரியும். சாய்வெயிலில் இன்னும் துலக்கமாக இருக்கும். இந்தக் கற்கள் வெட்டப்பட்ட இடம் ஆற்றுக்கு அக்கரையில், எதிர் மலையின் மேலே. அங்கிருந்து இறக்கி, உருபம்பா ஆற்றைக் கடந்து, இந்தக் குன்றின் மேல் ஏற்றியிருக்கிறார்கள், சக்கர வண்டியும் இரும்பும் இல்லாமல். வழியில் கைவிடப்பட்ட கற்கள் இன்றும் கிடக்கின்றன. 1537இல் பிசாரோ சகோதரர்களில் இன்னொருவரான எர்னாந்தோவின் படையை மாங்கோ இன்கா முறியடித்ததும் இதே இடத்தில்தான். ஆற்று நீரைத் திருப்பிச் சமவெளியை நனைத்துவிட, ஸ்பானியரின் குதிரைகள் சேற்றில் திணறின.

இங்கே சீட்டு வாங்காமலே பார்க்கக் கிடைப்பதும் நிறைய. கோட்டைக்குக் கீழே இருக்கும் ஊர் இன்காக்கள் வகுத்த தெருக்களிலேயே இன்றும் வாழ்கிறது, தெருவோர வாய்க்காலில் தண்ணீர் ஓடிக்கொண்டிருக்கிறது. எதிர்ச் சரிவில் பிங்குயுனா மலையில் காற்று வீசும் உயரத்தில் கட்டிய களஞ்சியங்கள் தெரியும். கால் வலுவுள்ளவர் கட்டணமின்றி ஏறிவரலாம்.

மறுநாள் மச்சு பிச்சு போகிறவர்கள் ஒரு காரியம் செய்ய வேண்டும். டூர் வண்டி சின்ச்செரோவுக்குக் கிளம்பும்போது அதில் ஏறாமல் ஒயந்தாய்தம்போவிலேயே தங்கிவிடுங்கள். பெரும்பாலான ரயில்கள் அங்கிருந்துதான் புறப்படுகின்றன, வழிகாட்டிகளுக்கும் இது பழகிய வழக்கம். பெட்டியை வண்டியில் ஏற்ற இடமிருக்குமா என்று முதல் நாளே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள். சின்ச்செரோவை இழப்பது பெரிய நஷ்டமில்லை, முக்கியமாக நெசவுக் காட்சி விட்டுப்போகும். கள்ளியில் வளரும் பூச்சியை ஒரு பெண் உள்ளங்கையில் வைத்து நசுக்குவார், கை முழுக்கச் சிவக்கும். எலுமிச்சைச் சாறு பிழிந்ததும் அந்தச் சிவப்பு ஆரஞ்சாக மாறும். பார்க்க அருமையான காட்சி. அதன் பிறகு விற்பனை.

‘சூப்பர்’ பள்ளத்தாக்கு என்பது இதோடு மொராயையும் மராஸ் உப்பளத்தையும் சேர்த்து ஐந்து இடம். விலை வித்தியாசம் குறைவு என்பதால் பலரும் இதற்கே சாய்கிறார்கள். காலை ஏழு மணிக்கு முன்பே கிளம்பி இரவு ஏழு மணிக்குத் திரும்புவது, நாளில் பெரும்பகுதி வேனுக்குள். பெரும்பாலும் பிசாக்கைக் கடைசியில் வைப்பார்கள், அங்கே சேரும்போது மாலையாகிவிடும். மொராயின் வட்ட வட்டமான பள்ளத் திட்டுகள் அழகு. அது இன்காக்களின் பயிர்ச் சோதனைக் களம் என்று வழிகாட்டிகள் அடித்துச் சொல்வார்கள். மேல் திட்டுக்கும் கீழ்த் திட்டுக்கும் வெப்பம் மாறுவது உண்மை, மற்றது ஆய்வாளர்களின் ஊகம். உப்பளத்தில் 3,000க்கு மேற்பட்ட பாத்திகள், இன்காக்களுக்கும் முந்தைய தொழில், உள்ளூர்க் குடும்பங்களின் சொத்து. இந்த இரண்டையும் பார்த்தே தீர வேண்டும் என்பவர் மொராய்–மராஸ் அரை நாள் டூரைத் தனியே எடுக்கலாம். ஐந்தையும் ஒரு நாளில் திணிக்கும் டூரை நான் எடுக்க மாட்டேன்.

தெற்குப் பள்ளத்தாக்குக்குக் கூட்டம் குறைவு. திபோனில் இன்கா வாய்க்கால்களில் இன்றும் தண்ணீர் ஓடுகிறது, நீர்ப் பொறியியலில் ஆர்வமுள்ளவர் மற்ற எதையும் விட்டுவிட்டு இங்கே வரலாம். பிக்கியாக்தா இன்காக்களுக்கு முந்தைய வாரி மக்களின் நகரம். இரண்டாவது முறை வருபவருக்கான டூர் இது.

ஒரே நாளில் மச்சு பிச்சு மலிவுப் பட்டியலிலேயே சேராது. ரயில், மலை மேலே போகும் பேருந்து, 152 சோல் நுழைவுச்சீட்டு எல்லாம் கூட்டினால் 200 டாலரைத் தாண்டும். விடியுமுன் மூன்று நான்கு மணிக்குக் கிளம்பி இரவு திரும்பும் பயணத்தில் இடிபாடுகளுக்குள் இருப்பது இரண்டு மூன்று மணி நேரம். ‘காரில் மச்சு பிச்சு’ என்று பாதி விலைக்கு விற்பார்கள். மலைச்சாலையில் ஆறேழு மணி நேரம் வேன், பிறகு தண்டவாளத்தை ஒட்டி இரண்டு மூன்று மணி நேர நடை. இரண்டு நாள் வைத்துக்கொண்டு போனால் அது நல்ல வழி. ஒரே நாளில் போய்த் திரும்புவது உடம்பை வதைப்பது, மழைக்காலமான நவம்பர்–மார்ச் மாதங்களில் மண்சரிவு ஆபத்தும் உண்டு.

டூரே வேண்டாம் என்றால்

இரண்டு மூன்று பேராகப் போகிறவர்களுக்கு இன்னொரு வழி இருக்கிறது. குஸ்கோவின் புபுத்தி தெருவிலிருந்து பிசாக்குக்கும், பாவிதோஸ் தெருவிலிருந்து ஒயந்தாய்தம்போவுக்கும் ‘கொலெக்திவோ’ என்ற ஷேர் வேன்கள் ஆள் நிரம்பியதும் கிளம்புகின்றன, சில சோல்கள்தான். வாசலில் உள்ளூர் வழிகாட்டிகள் நிற்பார்கள். அரசு அடையாள அட்டை கழுத்தில் இருக்கிறதா என்று பார்த்து, எவ்வளவு நேரம், எந்த மொழி, மொத்தம் எவ்வளவு என்று மூன்றையும் முன்கூட்டியே பேசிவிடுங்கள். தலைக்குப் பிரித்தால் குழு டூரின் செலவே வரும், நேரம் முழுக்க உங்கள் கையில்.

ஏஜென்சி வழியே போகிறவர் கேட்க வேண்டியவை: நுழைவுச்சீட்டு சேர்ந்ததா, சாப்பாடு உண்டா, குழுவில் எத்தனை பேர், எத்தனை கடைகளில் நிறுத்துவீர்கள், விளக்கம் ஒரு மொழியிலா இரண்டிலா? ஸ்பானிஷும் ஆங்கிலமும் கலந்த குழுவில் எல்லாவற்றையும் இரண்டு முறை சொல்லியே பாதி நேரம் போய்விடும். ஆங்கிலத்துக்கு மட்டும் தனிக் குழு என்றால் பத்து இருபது சோல் கூடுதலாகக் கொடுக்கலாம், தகும். சொன்னதை எல்லாம் ரசீதில் எழுதி வாங்குங்கள். சைவம் சாப்பிடுபவர் பஃபேயில் சூப்பை மட்டும் விசாரித்துக்கொள்ளவும், காய்கறி சூப் என்றாலும் இறைச்சி வேகவைத்த நீரில் செய்திருக்கலாம்.

தனியாக, முதல்முறையாக வருபவருக்கு என் தேர்வு பழைய வழக்கப்படியான புனிதப் பள்ளத்தாக்கு டூரும் 70 சோல் சீட்டும். துணையோடு வருபவருக்கு கொலெக்திவோவில் பிசாக், ஒயந்தாய்தம்போ இரண்டு மட்டும். இவற்றுக்கு ஊரிலிருந்தே டாலரில் முன்பதிவு செய்ய வேண்டியதில்லை, முந்தின நாள் மாலை சதுக்கத்தில் மூன்று கடை ஏறி விசாரித்தால் போதும். மச்சு பிச்சு நுழைவுச்சீட்டை மட்டும் பல வாரங்களுக்கு முன்பே வாங்கிவிடுங்கள், ஒரு நாளைக்கு இத்தனை பேர் என்ற வரம்பு உண்டு. மே முதல் ஆகஸ்ட் வரை அது சீக்கிரமே தீர்ந்துவிடும்.