திரை இங்கே, விளையாட்டு எங்கே?

தொலைவில் உள்ளதைக் கண்முன் கொண்டுவந்து காட்டுவது தொலைக்காட்சி. இப்பெயரை இட்டு வழங்கியோர் செய்தியையும் நாடகத்தையும் மனத்திற் கொண்டே இட்டிருப்பர். அங்கே நாம் காண்போர் மட்டுமே. திரையில் ஓடுபவனைத் திருப்பவோ நிறுத்தவோ நம்மால் இயலாது. இன்றைய ஸ்மார்ட் டிவியின் செய்தியே வேறு. எங்கோ ஒரு நகரத்தில் ஓடும் விளையாட்டு இணையத்தின் வழியே வந்து நம் திரையில் தோன்றுகிறது; நாம் கன்ட்ரோலரை அழுத்தினால், திரையில் ஓடுபவன் திரும்புகிறான். இதனைக் 'கிளவுட் கேமிங்' என்று வழங்குகின்றனர்.

தில்லியில் நம் விடுதிப் பொது அறையில், சென்ற பருவத்தில், நண்பர் சிலர் ஒரு மாதச் சந்தா கட்டி இவ்வாறு கிரிக்கெட் ஆடினர். பந்து ஸ்டம்பைச் சாய்த்த பின்னரே மட்டை சுழன்றது. "டிவி சரியில்லை" என்றார் ஒருவர். "நெட் வேகம் போதாது" என்றார் மற்றொருவர். "உனக்கு ஆடத் தெரியவில்லை, போடா" என்றார் மூன்றாமவர். ஆண்டுச் சந்தா கட்டுவதா, ஆளுக்குக் கொஞ்சம் பணம் போட்டு விளையாட்டுப் பெட்டி ஒன்று வாங்குவதா என்னும் வழக்கு இன்னும் தீர்ந்தபாடில்லை. பணம் போடும் முன், இவ்விளையாட்டு எவ்வாறு இயங்குகிறது என்பதை அறிந்துகொள்வது நலம் அன்றோ? அதுவே இக்கட்டுரையின் நோக்கம்.

பெட்டி இடம் பெயர்ந்த கதை

தொலைக்காட்சிப் பெட்டியில் விளையாடலாம் என்னும் எண்ணத்தை 1966-இல் எழுத்தில் வடித்தவர் அமெரிக்கப் பொறியாளர் ரால்ஃப் பேர். அவருடைய முயற்சியின் பயனாக 1972-இல் 'மேக்னவாக்ஸ் ஒடிசி' என்னும் கருவி விற்பனைக்கு வந்தது. அதில் ஒலி இல்லை. ஆட்டக் கணக்கை வைக்கும் வசதியும் இல்லை. திரையில் சில வெண்புள்ளிகள் நகரும், அவ்வளவே. திடலும் வலையும் வேண்டுமாயின், வண்ணம் தீட்டிய பிளாஸ்டிக் தாளைத் திரைமேல் ஒட்டிக்கொள்ள வேண்டும். ஆயினும் ஒன்றை நினைவிற் கொள்க: விளையாட்டை இயக்கும் பெட்டி தொலைக்காட்சியின் அருகிலேயே இருந்தது. கைக்கும் பெட்டிக்கும் இடையே சில முழம் கம்பி மட்டுமே.

அதன்பின் வந்த பெட்டிகள் யாவும் ஆற்றலில் வளர்ந்தன, விலையிலும் வளர்ந்தன. எளிய மாணவர்க்கு அவை எட்டாக் கனியாயின. 'பெட்டியை ஒவ்வொரு வீட்டிலும் ஏன் வைக்க வேண்டும்? ஓரிடத்தில் பல பெட்டிகளை அடுக்கிவைத்துப் படத்தை மட்டும் வீட்டிற்கு அனுப்பினால் என்ன?' என்னும் கேள்வி அதிலிருந்தே பிறந்தது. 2010-இல் அமெரிக்காவில் 'ஆன்லைவ்' என்னும் நிறுவனம் இதைத் தொடங்கி, 2015-இல் நிறுத்திவிட்டது. 2022-இல் சாம்சங் தொலைக்காட்சிகள் சிலவற்றில், தனிப் பெட்டி எதுவும் இன்றியே மைக்ரோசாப்டின் எக்ஸ்பாக்ஸ் விளையாட்டுகளை ஆடும் வசதி சில நாடுகளில் வந்தது. இவ்வாறு பெட்டி வீட்டைவிட்டு வெளியேறியது.

படம் வந்து சேரும் வழி

பொத்தானை அழுத்தியதும் என்னென்ன நிகழ்கின்றன? கன்ட்ரோலர் டிவிக்குச் சொல்கிறது. டிவி ரௌட்டருக்குச் சொல்கிறது. அச்செய்தி கண்ணாடி இழை வழியே தொலைதூரத்து சர்வரை அடைகிறது. சர்வர் அடுத்த படத்தை வரைகிறது, அதைச் சுருக்குகிறது, வந்த வழியே திருப்பி அனுப்புகிறது. டிவி அதை விரித்துத் திரையில் காட்டுகிறது. வினாடிக்கு 60 படம் வீதம் இவ்வேலை இடைவிடாது நடைபெற வேண்டும்.

சுருக்குவது ஏன்? ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்ப்போம். முழு எச்டி படம் ஒன்றில் 1920 x 1080, அதாவது 20,73,600 புள்ளிகள் உள்ளன. ஒவ்வொரு புள்ளியின் நிறத்தையும் குறிக்க 24 பிட் வேண்டும். வினாடிக்கு 60 படம் என்றால், ஏறத்தாழ 300 கோடி பிட் ஆகிறது. ஆனால் 20 மெகாபிட் இணைப்பில் ஒரு வினாடியில் வருவது 2 கோடி பிட்டே. ஆகவே 150 பங்கை ஒரு பங்காகச் சுருக்கியாக வேண்டும். முந்திய படத்திற்கும் இப்படத்திற்கும் உள்ள வேறுபாட்டை மட்டும் பெரும்பாலும் அனுப்புவதால் இது கைகூடுகிறது. வானமும் புல்தரையும் அசையாதிருக்கும்போது அவற்றை மீண்டும் மீண்டும் அனுப்ப வேண்டியதில்லை அன்றோ?

குதிரில் இட முடியாத நெல்

"அதே டிவியில் சினிமா தடையின்றி ஓடுகிறதே, விளையாட்டு மட்டும் ஏன் திணறுகிறது?" என்று கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்வியும் இதுவே.

சினிமா முன்பே எடுத்து முடிக்கப்பட்டது. அடுத்த நிமிடம் கதாநாயகன் என்ன செய்வான் என்பது கோப்பில் உள்ளது. ஆகவே டிவி வரும் காட்சிகளை முன்கூட்டியே வாங்கி, குதிரில் நெல்லைக் கொட்டி வைப்பதுபோல் சேமித்து வைத்துக்கொள்கிறது. இணைப்பு சில வினாடி தடைப்பட்டாலும், குதிரில் உள்ள நெல்லைக் கொண்டு சமையல் நடக்கிறது. வழியில் ஒரு துண்டு தவறிப்போனால் மறுபடியும் கேட்டு வாங்கவும் நேரம் இருக்கிறது.

விளையாட்டில் அடுத்த படம் இன்னும் பிறக்கவேயில்லை. நீங்கள் மட்டையை வீசுவீர்களா, விலகி நிற்பீர்களா என்பது உங்கள் விரலில் இருக்கிறது. விரல் அசையாத முன் அப்படத்தை வரைய எவராலும் முடியாது. வரையாத படத்தைச் சேமிப்பது எங்ஙனம்? இது அன்றாடம் அறுத்து அன்றாடம் உண்ணும் கீரை போன்றது. வழியில் ஒரு துண்டு தவறினால் காத்திருக்க நேரமில்லை; படம் கட்டம் கட்டமாகச் சிதைகிறது, அல்லது ஒரு கணம் உறைந்து நிற்கிறது.

தொலைவே காலம்

தமிழ் இலக்கணம் பயின்றோர்க்கு மாத்திரை புதிதன்று. கண்ணிமைப் பொழுதையும் கைந்நொடிப் பொழுதையும் மாத்திரைக்கு அளவாகக் கூறினார் தொல்காப்பியர். குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு. கண்ணிமைப்பைக் காட்டிலும் சிறிய காலத்தைப் பற்றிப் பேச அன்று தேவை எழுந்தபோது, அரை மாத்திரையும் கால் மாத்திரையும் வகுத்தனர். இவ்விளையாட்டிலும் அவ்வாறே கண்ணிமைப்பைப் பல கூறாக்கிக் கணக்கிட வேண்டியுள்ளது. ஆகவே வினாடியை ஆயிரம் கூறாக்கி, ஒரு கூற்றை மில்லி வினாடி என்று கொள்வோம்.

கண்ணாடி இழையில் ஒளி வினாடிக்கு ஏறத்தாழ 2 லட்சம் கிலோமீட்டர் செல்கிறது. சென்னையிலிருந்து தமிழ்நாடு எக்ஸ்பிரஸ் வரும் இருப்புப் பாதை ஏறத்தாழ 2,180 கிலோமீட்டர். அப்பாதையோரமாகவே ஓர் இழை கிடப்பதாகக் கொண்டால், நமக்கு ஒன்றரை நாளுக்குச் சற்றுக் குறைய ஆகும் பயணம் ஒளிக்கு 11 மில்லி வினாடி. போய்த் திரும்ப 22. தில்லியிலிருந்து சிங்கப்பூர் நேர்க்கோட்டில் 4,100 கிலோமீட்டருக்கு மேல். போய்த் திரும்ப 41 மில்லி வினாடிக்குக் குறையாது. இழை நேர்க்கோட்டில் செல்வதில்லை. இடையே பல சந்திப்புகளும் உண்டு. எனவே உண்மையில் ஆகும் காலம் இதனினும் மிகுதி. இதனோடு படம் வரையும் காலம், சுருக்கும் காலம், விரிக்கும் காலம், டிவி காட்டும் காலம் ஆகிய அனைத்தையும் கூட்ட வேண்டும். வினாடிக்கு 60 படம் என்றால் ஒரு படத்தின் ஆயுளே 16.7 மில்லி வினாடி.

மொத்தம் 100 மில்லி வினாடி ஆகிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். அது ஒரு பொருட்டா? மணிக்கு 140 கிலோமீட்டர் வேகத்தில் வரும் பந்து அதற்குள் 3.9 மீட்டர் பறந்துவிடும். ஆடுகளத்தின் நீளம் 20.12 மீட்டர், அதில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு போய்விட்டது. நம் நண்பரின் மட்டை பிந்தியதன் காரணம் இதுவே. அவருக்கு ஆடத் தெரியவில்லை என்று பழித்தவர் அவரிடம் மன்னிப்புக் கேட்பது முறை.

இங்கே ஒரு தவறான கருத்தையும் நீக்க வேண்டும். 40 மெகாபிட் இணைப்பை 100 மெகாபிட் ஆக்கினால் இத்தாமதம் தீருமா? பெரும்பாலும் தீராது. சாலையை அகலமாக்கினால் ஒரே நேரத்தில் பல வண்டிகள் போகலாம். அதனால் ஊர் அருகில் வந்துவிடாது. படம் தெளிவாக இல்லையென்றால் அகலம் போதவில்லை. கைக்குப் படம் பிந்துகிறது என்றால் தொலைவோ வழித்தடையோ காரணம்.

அளந்து பார்க்க ஒரு வழி

வாதாடுவதை விட அளப்பது எளிது. வினாடிக்கு 240 படம் எடுக்கும் 'ஸ்லோ மோஷன்' வசதி பல கைப்பேசிகளில் உண்டு. ஆடுபவரின் கட்டைவிரலும் திரையும் ஒன்றாகத் தெரியும்படி கைப்பேசியை நிறுத்திப் படம் எடுங்கள். விரல் பொத்தானை அழுத்திய படத்திலிருந்து திரையில் மட்டை அசையும் படம் வரை எண்ணுங்கள். ஒரு படத்திற்கு ஏறத்தாழ 4.2 மில்லி வினாடி. எண்ணிக்கை 24 என்றால் தாமதம் 100 மில்லி வினாடி. பத்து முறை செய்து சராசரி காண்க. ஒருமுறை அளந்ததை நம்பற்க.

பின்னர் நம் கையில் உள்ள மருந்துகளை ஒவ்வொன்றாகச் செய்து, மீண்டும் அளக்கலாம். டிவியின் அமைப்பில் 'கேம் மோட்' இருக்கும். படத்தை மெருகேற்றுவதற்காக டிவி செய்யும் சில வேலைகளை அது நிறுத்துவதால் காலம் மிச்சமாகும். வைஃபையை விட்டு, ரௌட்டரிலிருந்து டிவிக்கு நேரே கேபிள் இழுப்பது நல்லது. வைஃபையில் பலரும் முறை வைத்தே பேச வேண்டும். கேபிளில் அக்காத்திருப்பு இல்லை. கேபிள் இயலாதெனில், நெரிசல் மிகுந்த 2.4 கிகாஹெர்ட்ஸை விட்டு 5 கிகாஹெர்ட்ஸில் இணைக்கலாம். இவை யாவும் செய்தும் பயன் இல்லையெனில், குற்றம் நம் அறையில் இல்லை. சர்வர் தொலைவில் இருக்கிறது என்று கொள்க.

எவருக்கு உரிமை?

தாமதத்தைக் காட்டிலும் பெரிய கேள்வி ஒன்று உண்டு. கூகிள் நிறுவனம் 2019 நவம்பரில் 14 நாடுகளில் 'ஸ்டேடியா' என்னும் சேவையைத் தொடங்கியது. தாமதத்தைக் குறைப்பதற்காக அதன் கன்ட்ரோலரை டிவியோடு இணைக்காமல், வைஃபை மூலம் நேரே சர்வரோடு இணைத்தனர். அறிவார்ந்த ஏற்பாடுதான். ஆயினும் 2023 ஜனவரி 18-இல் அச்சேவை மூடப்பட்டது. அங்கே விளையாட்டுகளை விலை கொடுத்து வாங்கியிருந்தவர்களுக்குக் கூகிள் பணத்தைத் திருப்பித் தந்தது உண்மை. ஆனால் பல விளையாட்டுகளில் அவர்கள் நாள் பல செலவிட்டு எட்டிய நிலைகள் மீளவில்லை. பணத்தைத் திருப்பலாம், கழிந்த மாலைகளைத் திருப்ப முடியுமா?

மூடப்படும் எல்லாச் சேவையும் பணத்தைத் திருப்பித் தரும் என்று எண்ணவும் இடமில்லை. சந்தா என்பது வாடகை. வாடகை நின்றால் வீட்டைக் காலி செய்ய வேண்டியதே. வாங்குவது பொருளா, பயன்படுத்தும் இசைவு மட்டுமா என்பதை விற்பவர் தெளிவாகச் சொல்ல வேண்டும் என்று அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலம் 2024-இல் இயற்றிய சட்டம் 2025-ஆம் ஆண்டின் முதல் நாளில் நடைமுறைக்கு வந்தது. 'ஜிஃபோர்ஸ் நவ்' போன்ற சில சேவைகளில், வேறு கடையில் நாம் வாங்கிய விளையாட்டையே சர்வரில் ஆடலாம். சேவை நின்றாலும் அக்கடையில் வாங்கியது நம் கணக்கில் இருக்கும். இவ்வேறுபாட்டைச் சந்தா கட்டும் முன்னரே கேட்டறிதல் வேண்டும்.

வழக்கின் தீர்ப்பு

இனி நம் விடுதி வழக்கிற்கு வருவோம். சதுரங்கம், புதிர், நிதானமாகக் கதையை நடத்திச் செல்லும் விளையாட்டு ஆகியவற்றிற்குப் பத்தில் ஒரு பங்கு வினாடி தடையன்று. அவற்றை விரும்புவோர் சந்தா கட்டலாம். விலையுயர்ந்த பெட்டி இல்லாத மாணவரும் ஆடலாம் என்பது இம்முறையின் பெருநன்மை. கிரிக்கெட், பந்தயம், சண்டை ஆகியவற்றில் ஆர்வமுடையோர் முதலில் அளந்து பார்த்து, அருகில் சர்வர் இல்லையெனில் பெட்டியையே நாடுக. எவராயினும் ஒரு மாதம் ஆடிப் பார்க்காமல் ஆண்டுச் சந்தா கட்டற்க.

இறுதியாக ஒன்று. 20 மெகாபிட் வீதம் ஒரு மணி நேரம் ஆடினால் 9 ஜிபி செலவாகும். 50 அறைகளில் ஒரே நேரத்தில் ஆடினால், 1,000 மெகாபிட் இணைப்பு முழுவதும் விளையாட்டிற்கே போய்விடும். அவ்வேளையில் அடுத்த அறையில் ஆய்வேட்டை அனுப்ப முயலும் நண்பர் ஒருவர் இருப்பார். ஊரில் உள்ள அம்மாவின் முகத்தை வீடியோ அழைப்பில் காண முயலும் முதலாண்டு மாணவர் ஒருவரும் இருப்பார். திரை நம்முடையதாயினும் இழை பொதுச்சொத்து. தேர்வுக் காலத்திலும் இரவு எட்டு மணி முதல் பத்து மணி வரையிலும் ஆடுவதில்லை என்று நமக்குள் ஒரு விதி வகுத்துக்கொண்டால், விளையாட்டும் நடக்கும், நட்பும் நிலைக்கும்.