எண்ணெயில் வேண்டாம்... ஃப்ரீஸரில் வைங்க பூண்டை!

பூண்டு விலை கொஞ்சம் இறங்கினால் போதும், நம் வீடுகளில் இரண்டு கிலோ, மூன்று கிலோ என்று வாங்கிக் குவித்துவிடுவோம். அதிலும் கொடைக்கானல் மலைப்பூண்டு என்றால் கேட்கவே வேண்டாம்! உரிக்காத பூண்டைப் பற்றிக் கவலையில்லை. காற்றாடும் கூடையில், ஈரம் படாத இடத்தில் போட்டு வைத்தால் பல வாரம் தாங்கும். (ஃபிரிட்ஜில் வைத்தால்தான் சீக்கிரம் முளை விடும்.) 'தினமும் யார் உட்கார்ந்து உரிக்கிறது?' என்று ஒரே நாளில் மொத்தத்தையும் உரித்து விடுகிறோமே, அங்கேதான் வம்பு.

உரித்த பூண்டைப் பாட்டிலில் போட்டு, மூழ்க எண்ணெய் ஊற்றி, அடுப்பு மேடை ஓரத்தில் வைத்துக்கொள்கிறீர்களா? தயவுசெய்து வேண்டாங்க. பூண்டு மண்ணுக்குள் விளைவது. மண்ணில் இருக்கும் 'கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம்' என்ற கிருமியின் வித்துகள் அதில் ஒட்டியிருக்கலாம். சாதாரணமாக அவை சும்மா கிடக்கும். இந்தக் கிருமிக்குக் காற்றுதான் எதிரி. எண்ணெய் ஊற்றிக் காற்றை அடைத்துவிட்டோம். பூண்டிலோ புளிப்பு கிடையாது. சமையலறைச் சூடு வேறு. முளைத்து விஷத்தைக் கக்க வேறென்ன வேண்டும்? கெட்ட வாடையோ, ருசி மாற்றமோ இல்லாமலே விஷம் சேர்ந்துவிடும்.

1985-ல் கனடாவின் வான்கூவர் நகரில் ஓர் உணவகத்தில் சாப்பிட்ட 36 பேருக்கு இந்த 'பாட்டுலிசம்' வந்தது. எண்ணெயில் போட்ட நறுக்கிய பூண்டை ஃபிரிட்ஜில் வைக்காமல் வெளியே வைத்திருந்ததுதான் காரணம். 1989-ல் அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்திலும் மூன்று பேர் இதே போல் பாதிக்கப்பட்டார்கள். அதன்பிறகு, கடையில் விற்கும் எண்ணெய்ப் பூண்டில் புளிப்புப் பொருள் சேர்த்தே ஆகவேண்டும் என்று அந்நாட்டு அரசு உத்தரவிட்டது.

பார்வை இரண்டிரண்டாகத் தெரிவது, இமை தொங்குவது, நாக்குக் குழறுவது, விழுங்க முடியாமல் போவது - இவைதான் அறிகுறிகள். பெரும்பாலும் காய்ச்சல் இருக்காது. பிறகு மூச்சுவிடும் தசைகளே செயலிழக்கும். 'காலையில் பார்க்கலாம்' என்று படுக்காமல் உடனே ஆஸ்பத்திரிக்கு ஓடவேண்டும். விஷமுறிவு மருந்தை எவ்வளவு சீக்கிரம் போடுகிறோமோ அவ்வளவு நல்லது.

"அப்போ பூண்டு ஊறுகாய்?" என்று கேட்பீர்கள். எலுமிச்சையும் புளியும் உப்பும் தாராளமாகச் சேர்த்த ஊறுகாயில் இந்தக் கிருமி தலைதூக்காது. ருசிக்காகப் புளிப்பைக் குறைக்கிற கைதான் கவனமாக இருக்கணும்.

சரி, ஃப்ரீஸர் விஷயத்துக்கு வருவோம். பூண்டைப் பல் பலாகப் பிரித்து, லேசாக நல்லெண்ணெய் தடவி, சிறிது நேரம் வெயிலில் வைத்துத் துணியில் போட்டுக் கசக்குங்கள். தோல் தானே கழன்றுவிடும். சொத்தை, பூஞ்சை பிடித்ததை எடுத்து எறியுங்கள். ஈரமில்லாமல் துடைத்து, எவர்சில்வர் தட்டில் ஒன்றோடொன்று ஒட்டாமல் பரப்பி ஃப்ரீஸரில் வையுங்கள். கல்லானதும் பையில் போட்டு, காற்றை அமுக்கி வெளியேற்றிக் கட்டுங்கள். அந்தப் பையை மூடியுள்ள டப்பாவுக்குள் வைப்பது முக்கியம். இல்லாவிட்டால் குழந்தைகள் சாப்பிடும் ஐஸ்கிரீமிலும் பூண்டு மணக்கும்!

விழுதாக வேண்டுமென்றால், தண்ணீர் விடாமல் அரைத்து ஐஸ் டிரேயில் ஊற்றுங்கள். ஒரு கட்டி, ஒரு வேளைக் குழம்புக்குச் சரியாக இருக்கும். எண்ணெய் சேர்த்து அரைத்தால், அரைத்த கையோடு ஃப்ரீஸருக்குள் போகவேண்டும். ஃபிரிட்ஜின் கீழ்த் தட்டில் வைத்தால் நாலு நாளுக்கு மேல் கூடாது.

மூன்று மாதம் வரை மணம் நன்றாகவே இருக்கும். ஆனால் உறைந்த பூண்டு இளகினால் கொழகொழவென்று ஆகிவிடும். ரசம், குருமா, பிரியாணிக்குக் குறையில்லை. முழுப் பல்லாக வதக்கிப் போடும் வத்தக்குழம்புக்குப் புதுப்பூண்டுதான் சரி.

தேவையானதை மட்டும் எடுத்து அப்படியே வாணலியில் போடுங்கள். மேடையில் வைத்து இளக விடவேண்டாம். நீண்ட நேரம் கரண்ட் போனால் பையைத் தொட்டுப் பாருங்கள். கல்லாக இருந்தால் சரி. இளகிவிட்டாலும் சில்லென்று இருந்தால், மறுபடி உறைய வைக்காமல் அன்றைக்கே பூண்டு ரசம் வைத்துவிடுங்கள். எண்ணெய் சேர்த்த விழுது வெதுவெதுப்பாகிவிட்டதா? ருசி பார்க்காமல் குப்பையில் கொட்டுங்கள்.