கடவுச்சொல்லை எடைபோட எந்த மென்பொருள்? காஞ்சிபுரத்துக் கடைகளுக்கு ஒரு வழிகாட்டி

காஞ்சிபுரத்தில் ஒரு பட்டுக்கடையோ நெசவாளர் கூட்டுறவுச் சங்கமோ இணையத்தில் சேலை விற்க இறங்கினால், தளம் கட்டித் தருபவர் ஒரு முடிவு எடுத்தாக வேண்டும். வாடிக்கையாளர் தட்டும் கடவுச்சொல் தேறுமா, தேறாதா என்று எதை வைத்துச் சொல்வது? இதற்கென்றே இலவச மென்பொருள் தொகுப்புகள் பல உண்டு. வேகம், அளவு, புகழ் ஆகியவற்றைப் பார்த்துத்தான் பெரும்பாலும் தேர்ந்தெடுக்கிறார்கள். நம் ஊர்ப் பெயர்களை அதற்குக் கற்றுக்கொடுக்க முடியுமா என்பதையே முதலில் பார்க்க வேண்டும் என்பது என் வாதம். திருடுபவன் குருட்டாம்போக்கில் ஊகிப்பதில்லை. யாருடைய கணக்கோ, அவருடைய ஊரையும் தெய்வத்தையும் பிள்ளைகள் பெயரையும் வைத்துத்தான் தொடங்குவான்.

எளிய வழி, விதி போடுவது: எட்டு எழுத்து, ஒரு பெரிய எழுத்து, ஓர் எண், ஒரு குறி. அமெரிக்கத் தரநிர்ணய நிறுவனமான நிஸ்ட் 2004இல் வெளியிட்ட வழிகாட்டியால் இது உலகெங்கும் பரவியது. அதே நிறுவனம் 2017இல் இந்தக் கலவை விதிகளைக் கட்டாயமாக்க வேண்டாம் என்றது. கசிந்த, எளிதில் ஊகிக்கக்கூடிய சொற்களின் பட்டியலோடு ஒப்பிடச் சொன்னது. காரணம் எளிது. விதி போட்டால் மக்கள் ‘காமாட்சி’ என்பதை ஆங்கில எழுத்தில் அடித்து, முதலெழுத்தைப் பெரிதாக்கி, பின்னால் ‘@123’ சேர்த்துவிடுவார்கள். விதி முழுவதும் நிறைவேறும். பாதுகாப்பு மட்டும் இருக்காது.

அடுத்தது, ஊகங்களை எண்ணிப் பார்க்கும் தொகுப்பு. டிராப்பாக்ஸ் நிறுவனத்தின் டான் வீலர் 2012இல் வெளியிட்ட ‘இசட்எக்ஸ்சிவிபிஎன்’ இவற்றில் முன்னோடி. அகராதிச் சொல், தேதி, விசைப்பலகை வரிசை, 123 போன்ற தொடர் ஆகியவற்றைப் பிரித்தறிந்து, எத்தனை ஊகத்தில் உடைக்கலாம் என்று கணக்கிட்டு 0 முதல் 4 வரை மதிப்பெண் தரும். ஆனால் அதன் அகராதிகள் ஆங்கில விக்கிப்பீடியா, அமெரிக்கப் பெயர்கள், அமெரிக்கத் தொலைக்காட்சி என்ற வட்டத்தில் திரட்டப்பட்டவை. ஆங்கிலச் சிறிய எழுத்தில் அடித்த ‘காமாட்சி@123’ஐ எடுத்துக்கொள்வோம். பெயரின் எந்தத் துண்டும் அகராதியில் சிக்காவிட்டால், தெரியாத ஒவ்வோர் எழுத்துக்கும் பத்து ஊகம் என்ற கணக்கில் மொத்தம் சுமார் 10 ஆயிரம் கோடி ஊகம் ஆகும். முழு மதிப்பெண் 4 கிடைக்கும். அதே பெயரை நாம் தரும் சொந்தப் பட்டியலின் முன்வரிசையில் வைத்தால், எண்ணிக்கை ஏறத்தாழ 10 லட்சத்துக்கு இறங்கி மதிப்பெண் 2 ஆகிறது. சொந்தச் சொற்களைச் சேர்க்கும் இந்த வசதிக்காகவே இதைப் பரிந்துரைக்கிறேன். மூலத் தொகுப்பு 2017க்குப் பிறகு புதுப்பிக்கப்படவில்லை. ஆகவே மொழிவாரி அகராதிகளை ஏற்கும் அதன் டைப்ஸ்கிரிப்ட் வடிவத்தை எடுப்பது நல்லது.

இன்னும் இரண்டு வழிகள் உண்டு; அவற்றையும் பார்ப்போம். டிராய் ஹன்ட் நடத்தும் கசிவுச் சேவை, ஒரு கடவுச்சொல் முன்பு எங்காவது வெளியானதா என்று சொல்லும். கடவுச்சொல்லிலிருந்து கணக்கிடப்படும் ஹாஷ் என்ற குறியீட்டின் முதல் ஐந்து எழுத்துகள் மட்டுமே வெளியே போவதால், கடவுச்சொல்லை அந்நியரிடம் கொடுக்கிறோமே என்ற அச்சம் வேண்டாம். எனினும் இதுவரை கசியாததை அது பிடிக்காது. கார்னகி மெலன் ஆய்வாளர்கள் 2016இல் காட்டிய நரம்பியல் வலை முறை துல்லியமானது. உலாவியில் ஓடும் அளவுக்குச் சுருக்கவும் முடிந்தது. ஆனால் அது தனக்குக் கொடுக்கப்பட்ட கடவுச்சொற்களிலிருந்தே கற்கிறது. நம் வட்டாரத்துக்கு அதைப் பழக்க வேண்டுமென்றால் நம் வாடிக்கையாளரின் கடவுச்சொற்களைத் திரட்ட வேண்டியிருக்கும். அதை எந்தக் கடையும் செய்யக் கூடாது.

தொகுப்பு பெரிது, கைபேசியில் பக்கம் திறக்கத் தாமதமாகும் என்பது நியாயமான மறுப்பு. மூலத் தொகுப்பு சுருக்கிய நிலையிலும் சுமார் 400 கிலோபைட். பக்கம் திறந்த பிறகு பின்னணியில் இறக்கலாம். வழங்கியில் எப்படியும் ஒருமுறை சோதித்தே ஆக வேண்டும். ஏனெனில் உலாவிச் சோதனையைத் தாண்டிச் செல்வது எளிது. ஊர்ப் பட்டியலை எதிரி பார்த்தால் அவனுக்கே உதவாதா என்றும் கேட்பார்கள். வரதராஜர், ஏகாம்பரநாதர், பிள்ளையார்பாளையம், கோர்வை, ஜரிகை, 631501, அத்திவரதர் எழுந்தருளிய 1979, 2019 ஆகியவற்றில் எது அவனுக்குப் புதிது? தெரியாமல் இருப்பது மென்பொருளுக்குத்தான். ஒரே பெயரை ஆங்கிலத்தில் நான்கு விதமாக எழுதுகிறோம் என்பதால், எல்லா எழுத்துக்கூட்டலையும் சேர்க்க வேண்டும்.

எனவே புதிதாகத் தளம் கட்டுவோர் டைப்ஸ்கிரிப்ட் வடிவத்தோடு ஊர்ப் பட்டியலையும் வாடிக்கையாளரின் பெயர், கைபேசி எண்ணையும் சேர்த்து, மதிப்பெண் 3க்குக் குறைந்தால் மறுக்கட்டும். கூடவே கசிவுச் சோதனையும் இருக்கட்டும். தளம் கட்டும் மென்பொருளான ஜாங்கோவில் ஏற்கெனவே தளம் வைத்திருப்போருக்கு, அதிலேயே உள்ள 20 ஆயிரம் பொதுக் கடவுச்சொற்களின் பட்டியலுக்குப் பதிலாக ஊர்ச்சொற்களும் சேர்ந்த சொந்தப் பட்டியலைத் தருவது குறைந்த செலவில் முடியும் வேலை. எதைத் தேர்ந்தாலும், மறுக்கும்போது காரணத்தைத் தமிழில் சொல்லுங்கள். ‘வலு போதாது’ என்றால் வாடிக்கையாளர் ஓர் எண்ணைக் கூட்டிவிட்டுப் போவார். ‘இது சாமி பெயர், முதலில் இதைத்தான் முயல்வார்கள்’ என்றால் வேறு சொல்லைத் தேடுவார்.